விளம்பர எடிட்டிங்லருந்து டாக்குமெண்டரிக்கு மாறலாமா?

கட்பாயிண்ட்:
நாலு வருஷமா விளம்பரம், கம்பெனி வீடியோன்னு வெட்டி ஒட்டிட்டு இருக்கேன், வேலை வருது ஆனா சலிச்சுப் போச்சு. டாக்குமெண்டரி, எக்ஸ்பெரிமெண்டல் படம் எடிட் பண்றவங்களுக்குப் பொழப்பு எப்படி ஓடுது? என் ஷோரீல்ல (செஞ்ச வேலைல இருந்து காட்டுறதுக்குத் தொகுத்த வீடியோ) எல்லாமே முப்பது செகண்ட் சமாச்சாரம்தான், அதைப் பார்த்துட்டு யாராச்சும் கூப்பிடுவாங்களா?

ரூம்டோன்:
ஷோரீலைத் தூக்கி ஓரமா வைங்க, முழுசா ஒரு சீன் காட்டுங்க, அஞ்சு நிமிஷம் இருந்தாலும் போதும். டாக்குமெண்டரில கதையே எடிட் டேபிள்லதான் எழுதுறோம். ஹூப் ட்ரீம்ஸ்னு 1994ல வந்த படம், சுமார் 250 மணி நேர ஃபுட்டேஜ்லருந்து மூணு மணி நேரத்துக்குள்ள இறக்கினாங்க, படத்தொகுப்புக்கு ஆஸ்கர் நாமினேஷனும் கிடைச்சுது. அதனால ஆரம்பத்துல வாரக்கணக்கா சும்மா பாக்குறதுதான் வேலை, முதல் தடவை பாக்குறப்பவே எங்க சிரிச்சோம் எங்க கொட்டாவி வந்துச்சுன்னு எழுதி வெச்சுக்கங்க, அம்பதாவது தடவைல மனசு மரத்துப் போயிரும். பேட்டில பேசினதை எழுத்தா அடிச்சு வெச்ச டிரான்ஸ்கிரிப்டை மட்டும் நம்பாதீங்க. ஒரு பெரியவர் பேட்டில பதில் முடிஞ்சுது, டைரக்டர் "சரிங்க"ன்னுட்டார், ஆனா கேமரா ஓடிட்டே இருக்கு, அவரு சட்டைல குத்தியிருந்த மைக்கைத் தடவிப் பாத்துட்டு மெதுவா கழட்டுறாரு. பேப்பர்ல அது ஒரு வரிகூட இல்ல, சீனே அதுலதான் முடிஞ்சுது.

நைட்ரெண்டர்:
காசு விஷயம் யாரும் சொல்லலையே. படத்துக்கு இவ்ளோன்னு மொத்தமா பேசிறாதீங்க, வாரக்கணக்குல பேசுங்க. நான் பத்து வாரம்னு ஒத்துக்கிட்ட படம் பதினாலு மாசம் இழுத்துச்சு, பிக்சர் லாக், அதாவது இனி வெட்டு மாறாதுன்னு மூணு தடவை சொன்னாங்க, மூணு தடவையும் புது ஃபுட்டேஜ் வந்துச்சு. விளம்பர வேலையை முழுசா விட்றாதீங்க, அதுதான் சோறு போடும். டைட்டில்ல பேர் எப்படி வரும்ங்கறதையும் முன்னாடியே எழுதி வாங்கிருங்க. சார்லட் ஸ்வெரின் எடிட்டராத்தான் வேலை பாத்தாங்க, ஆனா 1969ல வந்த சேல்ஸ்மேன் டாக்குமெண்டரில மேசல்ஸ் சகோதரர்களோட சேத்து அவங்களுக்கும் டைரக்டர் கிரெடிட் இருக்கு.

பதினாறுஎம்எம்:
எக்ஸ்பெரிமெண்டல்ல பெரும்பாலும் எடுக்கறவங்களே வெட்டிக்குவாங்க, தனி எடிட்டருக்கு வேலை ரொம்பக் கம்மி, அதை நம்பி இறங்காதீங்க. ஆனா முப்பது செகண்ட் விளம்பரத்தைக் கேவலமா நினைக்க வேணாம். எக்ஸ்பெரிமெண்டல் படம் எடுக்கற பீட்டர் குபெல்காவோட ஷ்வெகாட்டர் (1958) ஒரு பீர் கம்பெனி விளம்பரத்துக்குக் கேட்ட படம், ஓடுறதே ஒரு நிமிஷம்தான். மனுஷன் ஃபிரேம் ஃபிரேமா எண்ணி வெட்டியிருக்காரு, ஃபிரேம் எண்ற பழக்கம் உங்களுக்கு ஏற்கனவே இருக்குல்ல.

கட்பாயிண்ட்:
ஐயோ, அந்த "சரிங்க"வுக்கு அப்புறம் வர்றதையெல்லாம் நான் மொதல் வேலையா டிரிம் பண்ணித் தூக்கிருவேனே 😅 பழைய ஹார்ட் டிஸ்க்கைத் தேடணும். ரூம்டோன் அண்ணா, டிரான்ஸ்கிரிப்ட் நீங்களே அடிப்பீங்களா, ஆள் வெப்பீங்களா?