புதுப்பிப்பு: ஏல வயலுக்கு மீதிப் பணம் கட்டியாச்சு

அம்பாசமுத்திரம் பக்கம் கோர்ட் ஏலத்தில் சித்தப்பா ஒரு நஞ்சை எடுத்தார், மீதிப் பணத்துக்குத் தவணை கிடைக்குமா என்று முன்பு கேட்டிருந்தேன். கிடைக்காது. சிவில் நடைமுறைச் சட்டம் ஆணை 21-ன்படி ஏலம் முடிந்த கையோடு 25 சதவீதம் கட்ட வேண்டும். மீதி முழுவதையும் 15-ஆம் நாள் கோர்ட் மூடுவதற்குள். நீதிபதியே நினைத்தாலும் நீட்டிக்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் 1954-லேயே சொல்லிவிட்டது. அன்று கோர்ட் விடுமுறை என்றால் மட்டும், திறக்கும் நாளில் கட்டலாம். தவறினால் மறு ஏலம்தான், முன்பணமும் பறிபோகலாம்.

சித்தி நகையை அடகு வைத்துக் கட்டியாச்சு. சீல் விழுந்த செலானைச் சித்தப்பா சட்டைப்பையிலேயே வைத்துக்கொண்டு அலைகிறார்.

பட்டாவுக்கு அவசரப்பட முடியாது. கடனுக்காக வயல் ஏலம் போனவர், ஏலத்திலிருந்து 60 நாளுக்குள் கடன் பாக்கியையும், எங்களுக்கு ஏலத்தொகையில் 5 சதவீதத்தையும் கட்டினால் ஏலத்தை ரத்து செய்யக் கேட்கலாம். அது நியாயம்தான், அவருக்கு அது பரம்பரை வயல்.