1915-ல் வந்த 'தி சீட்' (The Cheat): எடித் ஏன் கணவனிடம் சொல்லவில்லை?

லாஸ்பேட்டை வாசகி:
செசில் பி. டெமில் இயக்கிய இந்தப் பேசாப்படத்தை இங்கே புதுச்சேரியில் நண்பர் வீட்டு மாடியில் போட்டார்கள். பெரிய இடத்துப் பெண் எடித், செஞ்சிலுவைச் சங்க நிதிக்குப் பொருளாளர். அந்த 10,000 டாலரைப் பங்குச்சந்தையில் தொலைத்துவிட்டு, டோரி என்ற ஜப்பானிய யானைத்தந்த வியாபாரியிடம் கடன் வாங்கி மாட்டிக்கொள்கிறாள். கணவனே பங்குத் தரகன்தான். முதலிலேயே அவனிடம் சொல்லியிருந்தால் விஷயம் வீட்டோடு முடிந்திருக்குமே?

முத்தியால்பேட்டைக்காரன்:
சொல்லி என்ன பயன்? அவன் பணம் முழுக்க முதலீட்டில் முடங்கிக் கிடக்கிறது, அவள் துணிமணிச் செலவுக்கே கொஞ்ச நாள் பொறு என்கிறான். அதோடு இது ஊர்ப்பணம். நம் பக்கம் மகளிர் குழுப் பணத்தில் கை வைத்தவர் அதைத் திருப்பிக் கட்டினாலும் பேச்சு நிற்குமா? நாளைக்குப் பேப்பரில் வரப்போகும் தலைப்புச் செய்தி அவள் கண்முன் வந்து போகிறதே, அந்த இடத்தைக் கவனியுங்கள். அப்புறம் கணவனுக்கு லாபம் வந்ததும் அவனிடம் பணம் கேட்கிறாள், ஆனால் சீட்டாட்டத்தில் தோற்றேன் என்றுதான் சொல்கிறாள். அந்த வட்டாரத்தில் சூதாடித் தோற்பது மன்னிக்கக்கூடிய விஷயம், தர்மப் பணத்தை எடுப்பது அப்படி இல்லை.

கடலூர் ஓ.டி.:
என்னை உறுத்துவது கோர்ட் காட்சி. தன் பொருள்களுக்கு முத்திரை குத்துகிற அதே இரும்பால் டோரி அவள் தோளில் சூடு போட்டிருக்கிறான், அவள் அவனைத் துப்பாக்கியால் சுட்டிருக்கிறாள், பழியைக் கணவன் ஏற்றுக்கொண்டு நிற்கிறான். தீர்ப்பு வந்ததும் எடித் தோளைத் திறந்து தழும்பைக் காட்டுகிறாள், மொத்தக் கூட்டமும் டோரி மேல் பாய்கிறது, தீர்ப்பு ரத்தாகிறது. டோரி செய்தது கொடுமை, அதில் சந்தேகமே இல்லை. ஆனால் நிதிப் பணம் என்ன ஆச்சு என்று ஒருத்தர்கூடக் கேட்கவில்லை பாருங்கள்! வெளிநாட்டுக்காரன் ஒருவன் மேல் மொத்தக் கோபமும் திரும்பியதும் அந்த வீட்டு மானம் தப்பித்துவிட்டது. அமெரிக்காவில் இருந்த ஜப்பானியர்கள் இந்தப் படத்தை எதிர்த்தார்கள், 1918-ல் மறுபடி வெளியிட்டபோது டோரியைப் பர்மாக்காரனாக்கிவிட்டார்கள். பேசாப்படம்தானே, நடுவில் வசனம் காட்டும் எழுத்து அட்டைகளை மாற்றினால் போதும்.

முத்தியால்பேட்டைக்காரன்:
உண்மைதான். டோரி வேஷம் போட்ட செஸ்ஸூ ஹயகாவாவைப் பாரிஸ் கொண்டாடியது, முகத்தை அசைக்காமலே நடிக்கிறார் என்று வியந்தார்கள். 1937-ல் பிரான்சில் இதே கதையை மறுபடி எடுத்தபோதும் அவர்தான் நடித்தார்.

லாஸ்பேட்டை வாசகி:
சீட்டாட்டப் பொய்யை நான் யோசிக்கவே இல்லை, அவள் பயந்தது கணவனுக்கு இல்லை என்று இப்போது புரிகிறது. அந்த 1937 பிரெஞ்சுப் படம் யாரிடமாவது இருக்கிறதா?