எங்கள் வளவு: சனிக்கிழமை எங்கே போவது?

மச்சான், மாலை 6:12
அனைவருக்கும் வணக்கம். பெரிய மாமாவின் முப்பத்தோராம் நாள் காரியம் குறைவில்லாமல் முடிந்துவிட்டது. டொரன்டோ மச்சாளின் குடும்பம் ஞாயிறு இரவு கட்டுநாயக்கா விமான நிலையத்துக்குப் புறப்படுகிறது. இடையில் கையில் இருப்பது சனிக்கிழமை ஒன்றுதான். வந்த நாள் தொடக்கம் பிள்ளைகள் மூவரும் வெள்ளவத்தை வீட்டை விட்டு எங்கும் போகவில்லை. பதினான்கு பேர் இருக்கக்கூடிய வான் ஒன்றைப் பேசி வைத்திருக்கிறேன். எங்கே போவது என்று இன்றிரவுக்குள் சொல்லுங்கள்.

டொரன்டோ அக்கா, மாலை 6:20
பெரியவர்கள் இருவரும் சீகிரியா என்கிறார்கள். சின்னவன் மிரிஸ்ஸவில் திமிங்கிலம் பார்க்க வேண்டும் என்கிறான். எது சரிவரும் என்று எனக்குத் தெரியவில்லை.

லண்டன் அண்ணா, மாலை 6:31
சீகிரியா, தம்புள்ளை, கண்டி மூன்றையும் ஒரே நாளில் காட்டுவதாக இணையத்தில் ஒரு விளம்பரம் கண்டேன். இங்கே அனுப்பட்டுமா?

சித்தப்பா, மாலை 6:58
அனுப்ப வேண்டாம், மகன். காரணத்தைச் சொல்கிறேன், எல்லோரும் பொறுமையாக வாசியுங்கள். கொழும்பிலிருந்து சீகிரியா ஏறக்குறைய 170 கிலோமீற்றர். ஒரு வழிக்கே நான்கு மணி நேரம் வேண்டும். போய் இறங்கியதும் 1,200 படிகள் காத்திருக்கும். காசியப்பன் 5ஆம் நூற்றாண்டில் எழுப்பிய அந்தக் கோட்டையை ஏறி இறங்கப் பிள்ளைகளோடு மூன்று மணி நேரம் எடுக்கும். வெயில் ஏறிய பிறகு குன்றின் மேல் ஒதுங்க நிழல் கிடைக்காது. அதோடு தம்புள்ளைக் குகைகளையும் கண்டியையும் சேர்த்துக் கட்டினால், பிள்ளைகள் பார்த்தது வானின் யன்னல் கண்ணாடியை மட்டும் என்று ஆகிவிடும். கண்டி 115 கிலோமீற்றர்தான் என்றாலும், கடுகண்ணாவ ஏற்றத்தில் ஒரு லொறி முன்னால் ஊர்ந்தால் அரை நாள் அங்கேயே போய்விடும். ஒரு நாள் என்றால் ஒரு திசை, அந்தத் திசையில் ஓர் ஊர், வழியில் இரண்டு தரிப்பு. போய்விட்ட எங்கள் அண்ணா, உங்கள் பெரிய மாமா, சுற்றுலா வழிகாட்டியாக 1979இலிருந்து வெளிநாட்டார் குழுக்களைக் கூட்டிச் சென்றது இந்தக் கணக்கை வைத்துத்தான்.

கொட்டாஞ்சேனை மாமி, மாலை 7:03
படி என்றால் நான் வரமாட்டேன். முழங்கால் விடாது.

டொரன்டோ அக்கா, மாலை 7:05
அப்படியென்றால் மிரிஸ்ஸவா, சித்தப்பா?

சித்தப்பா, மாலை 7:19
ஆனி மாதத்தில் மிரிஸ்ஸவில் படகு ஏறக்கூடாது, பிள்ளை. அங்கே நீலத் திமிங்கிலம் பார்க்கக் கடல் இடம் கொடுப்பது கார்த்திகை தொடங்கிச் சித்திரை வரைக்கும்தான். வைகாசியில் தென்மேற்குப் பருவக்காற்று எழுந்துவிட்டால் அந்தக் கரை முழுவதும் கொந்தளிக்கும். அந்த மாதங்களில் அமைதியாகக் கிடப்பது கிழக்குக் கடல். திருகோணமலையிலும் திமிங்கிலம் வரும், ஆனால் அது கொழும்பிலிருந்து ஒரு நாளில் போய்த் திரும்பும் தூரமல்ல. இந்தச் சிறிய தீவுக்கு இரண்டு பருவமழை. ஆகவே, என்ன மாதம் என்று கேட்காமலே கடலில் கொண்டுபோய்க் காட்டுகிறேன் என்பவரை நம்பி ஒரு பிள்ளையைப் படகில் ஏற்ற முடியாது.

மச்சான், மாலை 7:22
அப்படியானால் எங்கே போவது, மாமா? வான்காரர் இரண்டு தரம் அழைத்துவிட்டார்.

சித்தப்பா, இரவு 7:46
காலிக்குப் போவோம். இது என் யோசனை அல்ல. காரியம் முடிந்த மறுநாள் அண்ணி அலுமாரியைத் திறந்து ஒரு கொப்பியை என் கையில் தந்தார். மட்டை கிழிந்து, முதுகில் மருந்துக்கடைப் பிளாஸ்டர் ஒட்டிய கொப்பி. ஒவ்வொரு ஊருக்கும் ஒரு பக்கம் ஒதுக்கி அண்ணா பென்சிலால் எழுதியிருக்கிறார். அவருடைய வழிகாட்டி அனுமதி அட்டையின் பழைய பிரதி ஒன்றும் உள்ளே செருகியிருந்தது. காலிப் பக்கத்தை இருக்கிறபடியே தருகிறேன்.

“விடிய 5.30 புறப்பாடு. போகும்போது காலி வீதி, வரும்போது அதிவேகப் பாதை. களுத்துறைப் போதி: சாரதி இறங்கி உண்டியலில் காசு போட்டுவிட்டு வரட்டும், அவசரப்படுத்தாதே. பலப்பிட்டிய: மாது கங்கைப் படகு. கண்டல் மரங்களுக்குள் போனதும் இயந்திரத்தை நிறுத்தச் சொல். பெரலிய: வண்டியை நிறுத்து. இறங்கியதும் பேசாதே, கேட்டால் மட்டும் சொல். காலி: மழை பிற்பகலில் வரும், மதிலை முதலில் முடி. பேசும்போது நீ வெயிலைப் பார்த்து நில், அவர்கள் முதுகில் வெயில் விழட்டும்.”

கடைசி வரியை நான் நாலைந்து தரம் வாசித்தேன். எதிரே நிற்பவருடைய கண் கூசக்கூடாது என்பதற்காக, இத்தனை வருடமும் அவர் வெயிலைத் தன் முகத்தில் வாங்கிக்கொண்டு பேசியிருக்கிறார்.

லண்டன் அண்ணா, இரவு 7:51
சித்தப்பா, அந்தப் பக்கத்தைப் படம் எடுத்து அனுப்புங்கள். அப்பாவின் கையெழுத்தை நான் பார்க்க வேண்டும்.

கொட்டாஞ்சேனை மாமி, இரவு 7:55
வந்து நின்றிருந்தால் கொப்பியையே கையில் வாங்கியிருக்கலாம்.

லண்டன் அண்ணா, இரவு 7:56
விசா விடயம் உங்களுக்குத் தெரியாததல்ல, மாமி.

சித்தப்பா, இரவு 7:58
அக்கா, அந்தக் கதை இப்போது வேண்டாம். மகன், படம் நாளைக் காலையில் வரும். இரவு வெளிச்சத்தில் பென்சில் எழுத்துத் தெரியாது.

டொரன்டோ அக்கா, இரவு 8:04
பெரலியவில் என்ன இருக்கிறது என்று மூத்தவள் கேட்கிறாள்.

சித்தப்பா, இரவு 8:15
2004 டிசம்பர் 26ஆம் திகதி கொழும்பிலிருந்து தெற்கே போன கடலோர ரயிலை ஆழிப்பேரலை அடித்துப் புரட்டிய இடம் அது. ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் அந்த ஒரு ரயிலோடு போனார்கள். நினைவிடம் வீதியோரத்திலேயே இருக்கிறது, தண்டவாளமும் அருகில்தான். அன்று காலி நகரத்தின் பஸ் நிலையமும் கிரிக்கெற் மைதானமும் நீரில் மூழ்கியபோது, கோட்டைக்கு உள்ளே இருந்தவர்களை ஒல்லாந்தர் கட்டிய மதில் பெருமளவுக்குக் காத்தது. முதலில் பெரலிய, அதன் பிறகு மதில் என்று அண்ணா வரிசை வைத்ததற்குக் காரணம் இதுதான் என்று நினைக்கிறேன். பெரலியவில் நின்றுவிட்டு வந்தவர்களுக்கு மதிலின் அகலத்தை வாயால் விளக்கத் தேவையில்லை.

மச்சான், இரவு 8:21
வழிகாட்டி யார்? வான்காரர் தானே எல்லாவற்றையும் காட்டுவதாகச் சொல்கிறார். தனியாக ஒருவரை வைத்தால் செலவு கூடும்.

டொரன்டோ அக்கா, இரவு 8:24
வேண்டாம். போன முறை வந்தபோது ஒரு சாரதி எங்களை வாசனைத் திரவியத் தோட்டத்தில் ஒன்றரை மணி நேரமும் இரத்தினக்கல் கடையில் ஒரு மணி நேரமும் இருத்திவைத்தார். பேராதனைப் பூங்காவுக்குப் போய்ச் சேர்ந்தபோது வாயிலை மூடிக்கொண்டிருந்தார்கள். அப்பா அன்று இரவு சாப்பிடவில்லை.

சித்தப்பா, இரவு 8:40
எனக்கும் நினைவிருக்கிறது. “கொமிசனுக்காக விருந்தாளியின் பகல் பொழுதை விற்றுவிட்டான்” என்று சொல்லிவிட்டு எழுந்து போனார். எனவே இதைத் தெளிவாகச் சொல்கிறேன். சுற்றுலா அபிவிருத்தி அதிகாரசபையின் அனுமதி பெற்றவர்களில் தேசிய வழிகாட்டி, சாரதி வழிகாட்டி, பிரதேச வழிகாட்டி, ஓரிடத்துக்கு மட்டுமான வழிகாட்டி என்று வகைகள் உண்டு. வாகனம் ஓட்டத் தெரிந்த எல்லோரும் சாரதி வழிகாட்டி ஆகிவிட முடியாது. அதற்குப் படிப்பும் பரீட்சையும் இருக்கின்றன. வான்காரர் நல்ல மனிதராகவே இருக்கலாம், ஆனால் அட்டையைக் காட்டச் சொல்வதில் தவறில்லை. அண்ணாவிடம் தொழில் பழகிய ஒருவர் தெஹிவளையில் இருக்கிறார், தமிழும் பேசுவார். நாளை நான் நேரில் போய்க் கேட்கிறேன். எங்கே நிற்போம், எந்தக் கடைக்கும் போகமாட்டோம் என்பதைப் புறப்படுவதற்கு முன்பே பேசிக்கொள்வோம். அவருக்குரிய பணத்தை நான் தருகிறேன்.

மச்சான், இரவு 8:43
பணம் பெரிய விடயமில்லை, மாமா. பிரித்துக்கொள்வோம்.

டொரன்டோ அக்கா, இரவு 8:47
எங்கள் ஐந்து பேருக்கும் வெளிநாட்டுக் கட்டணம் எவ்வளவு வரும்?

சித்தப்பா, இரவு 8:59
காலிக் கோட்டைக்குள் நடந்து பார்க்கக் கட்டணமே இல்லை. யுனெஸ்கோ 1988இல் உலக மரபுரிமைப் பட்டியலில் சேர்த்த இடம் அது. ஆனாலும் உள்ளே பள்ளிக்கூடம், பள்ளிவாசல், தேவாலயம், குடியிருப்பு எல்லாம் இன்றும் இயங்குகிற ஊர். பழைய வாயிலில் நுழையும்போது வெளிப்பக்கம் பிரித்தானிய அரச இலச்சினையைப் பார்க்கலாம். உள்ளே போய்த் திரும்பி நிமிர்ந்தால் ஒல்லாந்தக் கம்பனியின் இலச்சினையும் 1669 என்ற ஆண்டும், உச்சியில் ஒரு சேவலும் தெரியும். சின்னவனிடம் சேவலைக் கண்டுபிடிக்கச் சொல்லுங்கள், திமிங்கிலத்தை மறந்துவிடுவான்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். காலியில் 1911இல் ஒரு மதகின் மூடுகல்லாகக் கிடந்த கல்வெட்டு ஒன்று கண்டெடுக்கப்பட்டது. 1409ஆம் ஆண்டைச் சேர்ந்தது, சீனக் கடற்படைத் தலைவர் செங் ஹே கொண்டுவந்தது. சீனம், தமிழ், பாரசீகம் என்று மூன்று மொழிகள் அதில் இருக்கின்றன. சீனப் பகுதி புத்தருக்குக் கொடுத்த காணிக்கையைச் சொல்கிறது, தமிழ்ப் பகுதி தென்கரை ஊரான தெவிநுவரவில் கோயில் கொண்டிருந்த தென்னாவர நாயனார் என்ற தெய்வத்துக்குக் கொடுத்ததைச் சொல்கிறது, பாரசீகப் பகுதி அல்லாவைத் துதிக்கிறது. அறுநூறு வருடங்களுக்கு முன் சீனாவிலிருந்து இந்தத் தீவுக்கு வந்தவர் பேச வேண்டிய மொழிகளில் ஒன்றாகத் தமிழையும் தேர்ந்தெடுத்திருக்கிறார். டொரன்டோவில் சனிக்கிழமை தோறும் தமிழ்ப் பள்ளிக்குப் போக அழுகிற பிள்ளைகள் இதைக் கண்ணால் பார்க்க வேண்டும். கல் இப்போது காலியில் இல்லை, கொழும்பு தேசிய அருங்காட்சியகத்தில் இருக்கிறது. ஞாயிறு காலை ஒரு மணி நேரம் ஒதுக்கினால் போதும். கட்டணம் கொடுக்க வேண்டியிருந்தால் அது அங்கேதான்.

கொட்டாஞ்சேனை மாமி, இரவு 9:06
நாயனார் கோயில் என்றால் அதையே நேரில் பார்க்கலாமே. காலிக்குப் போகிறவர்கள் தெவிநுவரவுக்கும் போய்வரலாம்.

சித்தப்பா, இரவு 9:13
அந்தக் கோயிலைப் போர்த்துக்கேயர் 1588இல் இடித்துவிட்டார்கள், அக்கா. இன்று அங்கே இருப்பது பின்னர் எழுந்த விஷ்ணு தேவாலயம். காலியிலிருந்து மேலும் 50 கிலோமீற்றர் போக வேண்டும். அண்ணாவின் கொப்பியில் அதற்குத் தனிப்பக்கம், தனி நாள்.

கொட்டாஞ்சேனை மாமி, இரவு 9:17
தனி நாள் யாருக்கு இருக்கிறது? எனக்கு எழுபத்தாறு வயது. அதுவும் ஆட்டைத் திவசம் முடியாமல் இப்படிச் சுற்றுலா போவதே சரியா என்று எனக்கு இன்னும் மனம் ஒப்பவில்லை. அண்ணி போவதைப் பற்றி நான் ஒன்றும் சொல்லவில்லை. சனம் சொல்லும்.

டொரன்டோ அக்கா, இரவு 9:24
இது சுற்றுலா இல்லை, மாமி. அப்பா ஜேர்மன்காரருக்கெல்லாம் காலியைக் காட்டினார். எங்களை ஒரு நாளாவது கூட்டிப் போகவில்லை. ஏழு வயதில் கேட்டேன், பத்து வயதிலும் கேட்டேன். ஒவ்வொரு முறையும் அடுத்த வருடம் என்றார். கொப்பியில் இருக்கிறதை இப்போது சித்தப்பா சொல்லித்தான் நான் கேட்கிறேன்.

வெள்ளவத்தைப் பெரியம்மா, இரவு 9:41
பிள்ளை, அப்பா உங்களை மறந்து போகவில்லை. 1983க்குப் பிறகு காலி வீதியில் சோதனைச் சாவடிகள் எத்தனை இருந்தன என்பது உனக்கு நினைவிராது. ஜேர்மன்காரரோடு போனால் அவர் வழிகாட்டி; கழுத்தில் அட்டை தொங்கும், கையைக் காட்டி விட்டுவிடுவார்கள். எங்களோடு போனால் யாழ்ப்பாணத்தில் பிறந்ததாக எழுதிய அடையாள அட்டையை நீட்ட வேண்டும். “என்னை இறக்கி வீதியோரத்தில் நிறுத்தும்போது பிள்ளைகள் என் முகத்தைப் பார்ப்பார்கள், அது வேண்டாம்” என்று ஒரு நாள் இரவு என்னிடம் சொன்னார். 2009க்குப் பிறகு பயமில்லாமல் போயிருக்கலாம். அப்போது நீயும் தம்பியும் இங்கே இல்லை.

லண்டன் அண்ணா, இரவு 9:44
அம்மா, இதை ஏன் இவ்வளவு காலமும் சொல்லவில்லை?

டொரன்டோ அக்கா, இரவு 9:52
காலிக்கே போவோம், சித்தப்பா. கொப்பியில் உள்ளபடியே போவோம்.

மச்சான், இரவு 9:58
அப்படியானால் காலி என்று வான்காரரிடம் சொல்லிவிடுகிறேன். புறப்படுவது 5.30க்கா, 6.00க்கா? அம்மாவை ஏற்றிக்கொண்டு கொட்டாஞ்சேனையிலிருந்து வர எனக்கு நேரம் வேண்டும்.

கொட்டாஞ்சேனை மாமி, இரவு 10:01
நான் வருவதாக இன்னும் சொல்லவில்லை.

சித்தப்பா, இரவு 10:04
ஐந்தரைக்கு, மகன். காலை வெயில் உறைப்பதற்குள் பலப்பிட்டியவில் படகு ஏற வேண்டும். மாது கங்கை கடலைப் போல அல்ல, அசைவில்லாத நீர். அக்காவும் பயமில்லாமல் ஏறலாம், படிகளும் கிடையாது. அங்கே ஒரு தீவில் கறுவாப் பட்டை உரித்துக் காட்டுவார்கள்; கம்பை மடியில் வைத்துப் பித்தளைத் தண்டால் தேய்த்து உரிக்கும் அந்த வேலையைப் பிள்ளைகள் கட்டாயம் பார்க்க வேண்டும். தெவிநுவரவைப் பற்றி நாளை வழிகாட்டியிடமும் ஒரு சொல் கேட்கிறேன், அக்கா. வாக்குக் கொடுக்கவில்லை.

வெள்ளவத்தைப் பெரியம்மா, இரவு 10:15
வழியில் கடைச் சாப்பாடு வேண்டாம், காலைக்கு இடியப்பமும் சம்பலும் கட்டித் தருகிறேன். எத்தனை பேர் என்று நாளை மாலைக்குள் சொல்லுங்கள்.

மச்சான், இரவு 10:17
உங்களையும் சேர்த்துப் பன்னிரண்டா, சேர்க்காமலா, பெரிய மாமி?

லண்டன் அண்ணா, இரவு 10:20
பெரலியவில் நிற்கும்போது என்னைக் காணொளியில் அழையுங்கள். நானும் பேசாமல் நிற்கிறேன்.

வெள்ளவத்தைப் பெரியம்மா, இரவு 10:32
தேங்காய் எட்டு வேண்டும். தம்பி, நாளை சந்தைக்குப் போனால் வாங்கி வாரும்.