மூட்டையில் புரதம் 20 என்று போட்டிருக்கிறது, ஆனால் பாலில் எஸ்.என்.எஃப். (கொழுப்பு நீங்கலான திடச்சத்து) ஏறவில்லை. தீவனக் கணக்கை யாராவது விளக்குங்கள்

கேள்வி

வணக்கம். செங்கம் பக்கம் இருக்கிறோம். ஜெர்சி கலப்பினப் பசு, இரண்டாம் ஈத்து, கன்று போட்டு மூன்று மாதம். எடை 350 கிலோ இருக்கும். இரு வேளையும் சேர்த்து 10 லிட்டர் கறக்கிறது. கொழுப்பு 4 வருகிறது. எஸ்.என்.எஃப். மட்டும் 7.8, 7.9-ஐத் தாண்டவில்லை. பால் சொசைட்டியில் விலை அடிபடுகிறது.

தினமும் கோ-4 புல் 15 கிலோ, வைக்கோல் 6 கிலோ, கடையில் வாங்கும் அடர்தீவனம் 3 கிலோ, அப்புறம் தாது உப்பு. மூட்டையில் "புரதம் 20, கொழுப்பு 2.5, நார் 12, மணல் சிலிக்கா 4, ஈரம் 11" என்று இருக்கிறது. கடைக்காரர், புரதம் 22 உள்ள மூட்டை வாங்கினால் சரியாகும் என்கிறார். விலை கூடுதல். வாங்கலாமா? மாடு வயிறு நிறையத்தான் தின்கிறது. எங்கே குறை என்று தெரியவில்லை.

பதில் 1

தம்பி, மூட்டைத் தீவனத்தை நிறுத்திவிட்டு 3 கிலோவும் கடலைப் புண்ணாக்காகவே போடுங்கள். எங்கள் அப்பா காலத்தில் அதுதான்.

பதில் 2

அண்ணா சொல்வதுபோல் முழுக்க மாற்ற வேண்டாம். கடலைப் புண்ணாக்கில் புரதம் 40-க்கு மேல் இருக்கிறது, உண்மைதான். ஆனால் மாவுச்சத்து குறைவு, சுண்ணாம்புச் சத்தும் குறைவு. பூசணம் பிடித்த புண்ணாக்கு என்றால் அஃப்ளாடாக்சின் என்ற பூசண நஞ்சு பாலில் வரைக்கும் வரும்.

முதலில் மூட்டையைப் படிக்கும் விதம். புரதமும் கொழுப்பும் குறைந்தபட்ச அளவு. நார், மணல், ஈரம் மூன்றும் அதிகபட்ச அளவு. மாட்டுக்கு எவ்வளவு எரிசக்தி கிடைக்கும் என்பது அங்கே இல்லவே இல்லை. புரதத்தையும் நேராக அளப்பதில்லை. நைட்ரஜனை அளந்து 6.25-ஆல் பெருக்குகிறார்கள். அதனால் யூரியா கலந்தாலும் அந்த எண் ஏறும்.

இப்போது உங்கள் மாட்டுக்கு வருவோம். எதையும் ஈரம் நீக்கிய எடையில் பார்க்க வேண்டும். பச்சைப் புல்லில் ஐந்தில் நான்கு பங்கு தண்ணீர். 15 கிலோ புல் என்றால் உலர் எடை 3 கிலோதான், அதில் புரதம் 8 சதவீதம் என்று வைத்தால் 240 கிராம். வைக்கோல் 6 கிலோவில் உலர் எடை 5.4 கிலோ, ஆனால் புரதம் மூன்றரை சதவீதம், 190 கிராம். அடர்தீவனம் 3 கிலோவில் 600 கிராம். எல்லாம் சேர்த்துப் புரதம் 1,030 கிராம்.

புரதத் தேவை எவ்வளவு? உடம்பைக் காக்க 350 முதல் 400 கிராம், லிட்டருக்குச் சுமார் 90 கிராம். 10 லிட்டருக்கு மொத்தம் 1,250-க்கு மேல் போகிறது. எரிசக்தியும் கொஞ்சம் இழுபறிதான். உங்கள் மாட்டின் வயிற்றில் பாதி இடத்தை வைக்கோல் பிடித்துக்கொண்டிருக்கிறது. நார் நிறையப் போவதால் கொழுப்பு 4 வருகிறது, எஸ்.என்.எஃப். வரவில்லை.

22 மூட்டை வாங்கினால் 3 கிலோவில் கூடுவது 60 கிராம். அதற்காகக் காசைக் கொட்டாதீர்கள். புல் எத்தனை நாளில் அறுக்கிறீர்கள்?

பதில் 3

தீவனத்தை மாற்றும் முன் மடியைப் பாருங்கள். வெளியே தெரியாத மடிநோய் இருந்தாலும் எஸ்.என்.எஃப். இறங்கும். கால்நடை மருத்துவரிடம் நான்கு காம்புப் பாலையும் தனித்தனியாகச் சோதித்துவிடுங்கள்.

கேட்டவர்

மடி சோதித்துவிட்டேன் அக்கா, நான்கு காம்பும் நன்றாக இருக்கிறது. புல்லை 70, 75 நாளில் அறுக்கிறேன். உயரமாக வளர்ந்தால் எடை கூடுமே என்று விட்டுவிட்டேன்.

பதில் 2

அங்கேதான் இன்னொரு ஓட்டை. தண்டு முற்றினால் புரதம் 6, 7-க்கு இறங்கிவிடும். மறுதாம்புப் புல்லை, அதாவது அறுத்த பிறகு துளிர்த்து வருவதை, 45 நாளில் அறுங்கள். வைக்கோலை 4 கிலோவாகக் குறையுங்கள். வேலியில் அகத்தி இருந்தால் 3, 4 கிலோ தழை, நல்ல கடலைப் புண்ணாக்கு அரைக் கிலோ, மக்காச்சோள மாவு அரைக் கிலோ. புண்ணாக்கு மட்டும் 200 கிராம் புரதம் தரும். எல்லாவற்றையும் பத்து நாளில் கொஞ்சம் கொஞ்சமாக மாற்றுங்கள், ஒரே நாளில் மாற்றினால் வயிறு கெடும். மூட்டையில் சந்தேகம் தீரவில்லை என்றால் நாமக்கல் கால்நடை மருத்துவக் கல்லூரியில் தீவன ஆய்வகம் இருக்கிறது, மாதிரி கொடுத்துப் பார்க்கலாம்.

கேட்டவர் (25 நாள் கழித்து)

நேற்றுக் காலை 8.3, மாலை 8.2. பாலும் அரை லிட்டர் கூடியிருக்கிறது. பழைய 20 மூட்டையேதான். அண்ணா, உங்கள் கணக்கைத் தொழுவத்துச் சுவரில் கரியால் எழுதி வைத்திருக்கிறேன். அகத்தி இன்னும் ஒரு மாதம் தாங்காது. பத்து சென்டில் வேலிமசால் தீவனப் பயிர் போடலாமா?

பதில் 2

தாராளமாகப் போடுங்கள். உலர் எடையில் புரதம் 20-ஐ ஒட்டி வரும். விதைத்தோல் கெட்டி, அப்படியே போட்டால் முளைப்பு கம்மி. தண்ணீரைக் கொதிக்கவைத்து இறக்கி, நான்கு நிமிடம் ஆறவிட்டு, விதையை ஐந்து நிமிடம் போட்டு எடுங்கள். பிறகு பச்சைத் தண்ணீரில் ஒரு ராத்திரி ஊறட்டும். முதல் அறுப்புக்கு மூன்று மாதம் ஆகும், அதுவரை புண்ணாக்கைக் குறைக்காதீர்கள்.