கையுறை இல்லாத சண்டைப் படங்கள்: எங்கே பார்த்தீர்கள், எந்த அடி மனதில் நின்றது?

கொக்குவிலான்:

போன கிழமை மூத்தவன் மடிக்கணினியில் ஒரு படம் பார்த்துக்கொண்டிருந்தான். அவனுக்கு இருபத்திரண்டு வயது, அதனால் தடுக்கவும் ஏலாது. ஏதோ நிலவறை. சட்டை இல்லாத இரண்டு பேர், சுற்றிவரக் காசைப் பிடித்தபடி கத்துகிற கூட்டம். ஒருவன் விழுந்துவிட்டான், மற்றவன் நிறுத்தவில்லை. மகன் பாட்டுக்குத் தேத்தண்ணி குடிக்கிறான். நான் எழும்பி முற்றத்துக்குப் போய்விட்டேன். "ஷெல்லுக்குள்ள ஓடித் திரிஞ்ச ஆள், ஒரு படத்துக்குப் பயப்பிடுறீங்களோ?" என்று மனுசி சிரித்தாள்.

பயம் இல்லை. ஆனால் வேறு ஏதோ ஒன்று. அதை யோசித்துக்கொண்டிருந்தபோதுதான் பழைய கதை ஞாபகம் வந்தது.

1990க்குப் பிறகு, போரால் இங்கே யாழ்ப்பாணத்தில் கரண்டே இல்லாத காலம். எங்கள் ஒழுங்கையில் ஒரு வீட்டில் வீடியோ டெக்கில் படம் போடுகிற மினி சினிமா ஓடும். ஜெனரேற்றரை நாலு துளி பெற்றோல் விட்டு எழுப்பி, பிறகு மண்ணெண்ணெயில் ஓடவிடுவார்கள். அறை முழுக்க அந்தப் புகை. முன்னுக்குச் சாக்கில் நாங்கள், பின்னுக்கு வாங்கில் பெரியவர்கள். 'பிளட்ஸ்போர்ட்' அங்கேதான் பார்த்தேன். ஹொங்கொங்கில் ஒளித்து நடக்கும் சண்டைப் போட்டி, வான் டாம் கதாநாயகன், 1988இல் வந்த படம். முத்தக் காட்சி ஏதும் வந்தால் டெக்காரர் வேகமாக ஓட்டிவிடுவார். எலும்பு முறிகிற இடம் வந்தால் திருப்பிப் போடுவார்! சபை அப்படித்தான் கேட்டது.

அடுத்த நாள் வயிரவர் கோயில் வீதியில் எங்கள் போட்டி. என் கூட்டாளி ஒருத்தன் என்னைக் குத்த வந்து, நான் தலையைக் குனிய, உச்சந்தலையில் குத்திவிட்டான். எனக்கு ஒரு வீக்கம். அவனுக்குக் கை முறிந்தது. ஒரு முறிவு வைத்தியரிடம் சைக்கிளில் ஏற்றிக்கொண்டு போனோம். வழி முழுக்க அவன் அழவில்லை, எனக்குத்தான் அழுகை.

உங்கள் அனுபவங்களையும் எழுதுங்கள். வளர்ந்தவர்களுக்கான படங்களைப் பற்றித்தான் கேட்கிறேன். பறந்து பறந்து அடிக்கிற நம்மவர் படங்கள் வேண்டாம்.

சாமக்கோழி:

அண்ணை, அந்தப் படத்தின் முடிவில் இது உண்மைக் கதை என்று எழுத்து ஓடுமே, அதை நம்பித்தான் நாங்களும் கராத்தே வகுப்பில் சேர்ந்தோம். அது தன் கதை என்று சொன்ன மனிதரின் பேச்சை லொஸ் ஏஞ்சலிஸ் ரைம்ஸ் பத்திரிகை 1988இலேயே துருவிப் பார்த்து, அவர் வென்றதாகச் சொன்ன கோப்பையைப் பற்றியே சந்தேகம் எழுப்பியிருக்கிறது. எனக்கு இது தெரியவந்தபோது கறுப்புப் பட்டியும் இல்லை, வாலிபமும் இல்லை.

விபத்துப்பிரிவு அக்கா:

நான் தாதியாக இருபது வருசம். கொக்குவிலான் சொன்ன அந்த முறிவை எத்தனையோ தரம் பார்த்திருக்கிறேன். சின்னவிரலுக்கு நேர் கீழே, உள்ளங்கைக்குள் இருக்கிற எலும்பு அது. சுவரில் குத்தினாலும் மண்டையில் குத்தினாலும் பெரும்பாலும் அதுதான் போகும். மண்டையோட்டின் முன்பக்கம் கல்லு மாதிரி, கை எலும்போ ஈர்க்கு மாதிரி. படத்தில் முப்பது பேரைக் குத்திவிட்டுக் கதாநாயகன் அதே கையால் சிகரெட் பற்றவைப்பான். எனக்குச் சிரிப்பு வரும்.

குத்துச்சண்டைக் கையுறை எதிராளியின் முகத்தைக் காப்பாற்றத்தான் என்று பலர் நினைக்கிறார்கள். அது முதலில் காப்பாற்றுவது போட்டவனின் கையை. கை நோகாது என்றால் தலையில் எத்தனை தரமும் குத்தலாம், மூளைக்கு அதுதான் கேடு. 1889இல் அமெரிக்காவில் சலிவனும் கில்ரெயினும் வெறுங்கையோடு 75 சுற்றுகள் மோதினார்கள். அந்தக் காலத்தில் ஒருவர் விழுந்தால் ஒரு சுற்று முடிந்தது என்று கணக்கு, அதுதான் அத்தனை சுற்று. வெறுங்கை என்றால் கையைப் பார்த்துப் பார்த்துத்தான் குத்த வேண்டும்.

இன்னொன்று, படங்கள் காட்டாதது. எதிராளியின் பல்லில் பட்டு விரல் மொழி கிழிவது. வெளியில் அரை அங்குலக் காயம் கூட இருக்காது. "பல்லில பட்டது" என்று சொல்ல வெட்கப்பட்டு, தகரம் வெட்டியது என்பார்கள். மூன்றாம் நாள் கை பலாப்பழமாக வீங்கி வரும்போதுதான் உண்மை வெளிவரும். வாயில் இருக்கிற கிருமி மூட்டுக்குள் போனால் விரலை மடக்கவே ஏலாமல் போகலாம். தம்பிமாரே, இப்படி ஏதும் நடந்தால் பொய் சொல்லாமல் உடனே வாருங்கள். நாங்கள் பொலிஸ் இல்லை.

வாள்வெட்டுக் காயங்களைப் பற்றி இங்கே எழுதமாட்டேன். அதையும் கண்டபிறகு வீட்டுக்கு வந்து சண்டைப் படம் போட மனம் வராது. நான் சமையல் நிகழ்ச்சிதான் பார்ப்பேன்.

மானிப்பாய் மாஸ்டர்:

அக்கா சொன்னது முழுக்கச் சரி. என் பங்குக்கு ஒன்று. கழுத்தை நெரிக்கிற காட்சி. கழுத்தின் இரண்டு பக்கத்து நாடிகளையும் சரியாக இறுக்கினால் பத்து விநாடி அளவில் ஆள் மயங்கிவிடும். உடனே விட்டால் கொஞ்ச நேரத்தில் கண் முழித்து "என்ன நடந்தது?" என்று கேட்கும். விடாமல் பிடித்தால் சாவு. படத்தில் ஒரு நிமிசம் நெரிப்பான், ஆள் ஒரு மணித்தியாலம் நித்திரை, பிறகு எழும்பி ஓடும்.

அப்புறம் மூச்சு. பயிற்சி இல்லாத இரண்டு பேர் முழுப் பலத்தோடு அடிபட்டால் ஒரு நிமிசத்தில் இரண்டு பேருமே சட்டையைப் பிடித்துக்கொண்டு தொங்குவார்கள். அதனால்தான் எனக்கு டேவிட் ஃபின்ச்சரின் 'ஃபைட் கிளப்' (1999) பிடிக்கும். அதில் சண்டை அழகாக இருக்காது. கட்டிப்புரளுவார்கள், மூச்சு வாங்குவார்கள். முதல் அடி காதில் படும். அது உண்மையான அடி. எட்வர்ட் நோர்ட்டனைத் தனியாகக் கூப்பிட்டு உண்மையாகவே அடிக்கச் சொன்னாராம் ஃபின்ச்சர். அடி வாங்கின பிராட் பிட்டுக்குத் தெரியாது. அந்த முகத்தில் தெரிகிற வலி நடிப்பு இல்லை.

ஆனால் அதே படத்தில் ஓர் அழகான பெடியனின் முகத்தைச் சிதைக்கிற இடம் ஒன்று உண்டு. பிரித்தானியத் தணிக்கையாளர்கள் அதில் சில விநாடிகளை வெட்டினார்கள். நான் முழுதாகப் பார்த்தேன், வெட்டினதில் பிழை இல்லை என்றுதான் தோன்றியது. என்னிடம் படிக்க வருகிற பெடியளிடம் அந்தப் படத்தின் பெயரைச் சொல்வதில்லை.

பருத்தித்துறைக் காற்று:

சமாதான காலத்தில், கண்டிக்குப் போகிற ஏ9 வீதி திறந்த பிறகு, சீடி வந்து குவிந்ததே! 'ஓங் பாக்' அப்படித்தான் கிடைத்தது. டோனி ஜா, தாய்லாந்துப் படம், கயிறு கட்டாமல் எடுத்தது. பாங்கொக்கில் ஒரு சூதாட்டச் சண்டைக்கூடத்துக்குள் தெரியாமல் நுழைந்து, ஒரே முழங்கால் அடியில் ஆளைச் சாய்ப்பான். பத்துத் தரம் பார்த்தோம். பிறகு 'தி ரெய்டு' (2011). அந்தக் கதாநாயகன் இக்கோ உவைஸ் முன்பு லொறி ஓட்டின ஆள். இயக்குநர் இந்தோனேசியாவின் சிலாட் சண்டைக் கலையைப் பற்றி ஆவணப்படம் எடுக்கப் போய் அவனைப் பிடித்தார். இதை நான் எங்கள் லொறிக்கார அண்ணையிடம் சொல்ல, "எனக்கும் சிலம்படி தெரியும், ஆரும் வரேல்லையே" என்றார்.

சார்பட்டா ரசிகன்:

'சார்பட்டா பரம்பரை' படத்தில் நடன அடவோடு குத்துகிற ரோஸுக்கு ஈடாக இவர்கள் ஒருத்தரும் இல்லை. நன்றி, வணக்கம்.

கொக்குவிலான்:

தம்பி, அது மேடை போட்டு, நடுவர் வைத்துச் செய்கிற சண்டை. இது வேறு.

ஒடியல்கூழ்:

நாங்கள் நாலு பேர் சேர்ந்து குறும்படம் எடுத்தவர்கள். அரியாலையில் ஒரு பழைய அரிசி மில், உள்ளே ஒளித்து நடக்கிற சண்டை, அதுதான் கதை. கமராவால் ஏமாற்றுவது லேசு. கைக்கும் முகத்துக்கும் நடுவில் ஒரு சாண் இடைவெளி இருந்தாலும், கமரா நேர்கோட்டில் நின்றால் பார்ப்பவனுக்கு அது தெரியாது. அடி வாங்குகிறவன் தலையைத் திருப்புகிற நேரம்தான் முக்கியம்.

சத்தம்தான் வரவில்லை. உண்மையான குத்தைப் பதிவு செய்து பார்த்தோம், தலையணையைத் தட்டினது போல இருக்கிறது. வெளிநாட்டில் எலும்பு முறிகிற சத்தத்துக்குச் செலரித் தண்டை முறிப்பார்களாம். செலரிக்கு இங்கே எங்கே போவது? கோவாவை (முட்டைக்கோசை) குத்திப் பார்த்தோம், ஈரச்சாக்கைச் சுருட்டிச் சீமெந்தில் அடித்துப் பார்த்தோம். இரண்டும் விலாவில் விழுகிற அடிக்குச் சரி. எலும்புக்குக் கடைசியில் அம்மம்மாவின் பெட்டகத்தில் இருந்த ஒடியல், அதுதான் காயவைத்த பனங்கிழங்கு. மைக்குக்குப் பக்கத்தில் முறித்தால் முழங்கை. அவித்துக் காயவைத்த மெல்லிய புழுக்கொடியல் என்றால் விரல். எங்கள் ஒலிப்பதிவுக்காரன் காதுக்கருவியைக் கழற்றி வைத்துவிட்டு வெளியே போனான். செய்தது தானே என்று தெரிந்தும் போனான்.

ஊர் மண்டபத்தில் போட்டுக் காட்டினோம். இரத்தம் வந்த இடத்தில் எல்லோரும் சிரித்தார்கள், வர்ணம் என்று விளங்கிவிட்டது. ஒடியல் முறிந்த இடத்தில் மண்டபம் அப்படியே அமைதி. முன்வரிசையில் இருந்த ஒரு ஐயா முழங்கையைத் தடவிக்கொண்டார்.

கொக்குவிலான்:

இதை மகனுக்கு வாசித்துக் காட்டினேன். "அப்பா, நீங்கள் அண்டைக்கு எழும்பிப் போனது அடியைப் பார்த்தோ, சத்தத்தைக் கேட்டோ?" என்று கேட்டான். யோசித்துப் பார்த்தால் நான் திரையையே பார்க்கவில்லை. கதவடியில் நின்றேன். கேட்டது மட்டும்தான். அடியும் கேட்டது, அதுக்கு மேலால் அந்தக் கூட்டம் "இன்னும், இன்னும்" என்று கத்தினதும் கேட்டது. மினி சினிமாவில் திருப்பிப் போடச் சொல்லி நாங்கள் கத்தினதும் அதே மாதிரித்தான் இருந்திருக்கும்.

அது கிடக்கட்டும். ஒடியல்கூழ் தம்பி, நேற்றுப் பின்னேரம் தேத்தண்ணியோடு மனுசி புழுக்கொடியலும் தேங்காய்ச்சொட்டும் கொண்டுவந்து வைத்தாள். ஒன்றைக் கடித்தேன், உடனே கீழே வைத்துவிட்டேன். இதற்கு நீர்தான் பொறுப்பு.