செமி-ஸ்பீக்கர் என்பதற்குச் 'சின்மொழியர்': ஒரு முன்மொழிவு

நண்பர்களுக்கு வணக்கம்.

மறைந்துவரும் மொழிகளைப் பதிந்துவைக்கும் மொழி ஆவணப்படுத்தலில், ஒரு மொழியைக் கேட்டுப் புரிந்துகொண்டாலும் குறைவாகவே, தடுமாறியே பேசுவோரைச் செமி-ஸ்பீக்கர் என்பர். அவர்களைத் தமிழில் 'அரைப்பேச்சாளர்' என்று குறிக்கலாம் என்ற கருத்து இங்கே வலுப்பெற்றுவருகிறது. அது நம் கலைச்சொற்பட்டியலில் ஏறுவதற்கு முன் என் மறுப்பையும் ஒரு மாற்றுச் சொல்லையும் பதிவுசெய்ய விரும்புகிறேன்.

'பேச்சாளர்' என்றதும் நமக்கு மேடையும் ஒலிபெருக்கியும்தான் நினைவுக்கு வரும். ஒரு மொழியைப் பேசுகிறவர் என்ற பொருளுக்கு, ஓட்டுநர், நடத்துநர் என்பவற்றின் வழியில் 'பேசுநர்' போதும். இதில் பெரிய வேறுபாடு நம்மிடையே இராது. எனக்கு உண்மையில் உறுத்துவது 'அரை' என்ற முன்னொட்டு. அரைகுறை, அரைவேக்காடு, அரைமனது என்று அது சேரும் இடமெல்லாம் இகழ்ச்சியும் உடன் வருகிறது. அளவை மட்டும் குறிக்கும் முன்னொட்டாக அதை இனி யாரும் படிக்கப்போவதில்லை.

இந்தக் கருத்தாக்கத்தைத் தந்த மொழியியலாளர் நான்சி டோரியன், ஸ்காட்லாந்தின் கிழக்கு சதர்லாந்துக் கடலோர மீனவர் ஊர்களில் கேலிக் மொழி மறைந்துவந்ததைப் பல ஆண்டுகள் உடனிருந்து ஆய்ந்து, 1981இல் நூலாக வெளியிட்டவர். அவர் கண்ட இத்தகையோர் பேசும்போது இலக்கணம் தடுமாறும், சொல் கிடைக்காமல் நிற்கும்; ஆனால் பிறர் பேசுவதை, வேகமான கிண்டல் உட்பட, முழுவதும் புரிந்துகொள்வார்கள். எங்கே, எப்போது, என்ன சொல்ல வேண்டும் என்ற முறை தெரிந்து சுருக்கமாகப் பேசுவதால், ஊரார் அவர்களைத் தங்கள் மொழிக்காரராகவே நடத்தினார்கள். ஆக, அவர்களிடம் குறைவாக இருப்பது வெளிப்படும் பேச்சுத்தான், புரிதல் அன்று. மொழியறிவைப் பாதியாக வெட்டிக்காட்டும் பெயர் டோரியனின் கருத்துக்கே பொருந்தாது.

கோத்தகிரிப் பக்கத்துப் படுகர் ஹட்டிகளில் (ஊர்களில்) இதை நேரிலேயே பார்க்கலாம். ஹெத்தையம்மன் பண்டிகைக்குக் கோவையிலிருந்து வந்திருந்த இளைஞர் ஒருவர், பாட்டி படுக மொழியில் சொன்ன பழங்கதையில் சிரிக்க வேண்டிய இடத்தில் மற்றவர்களுக்கு முன்பே சிரித்தார்; எனக்கு அதைத் தமிழில் ஒன்றுவிடாமல் விளக்கினார். பாட்டிக்கு அவர் சொன்ன மறுமொழிகள் இரண்டு மூன்று சொற்களோடு நின்றன. ஒலிப்பதிவுக் கருவியை அவர் பக்கம் நீட்டியதும், "எனக்குச் சரியா வராதுங்க, அம்மாவைக் கேளுங்க" என்று விலகிக்கொண்டார். அவரிடம் நிரப்பக் கொடுக்கும் படிவத்தில் 'அரைப்பேச்சாளர்' என்று அச்சாகியிருந்தால், அடுத்த முறை அவர் அந்த இரண்டு சொல்லையும் சொல்லமாட்டார் என்பதே என் அச்சம்.

நீலகிரி மொழிகளுக்கு இதுவரை கிடைத்த பெரும் ஆவணங்கள் முழுப் பேசுநர்களின் வாய்மொழியில் எழுந்தவை. 1930களில் இம்மலையில் தங்கி ஆய்வுசெய்த மொழியியலாளர் எமனோ, கோத்தர் மொழியின் கதைகளைச் சுள்ளி என்பவர் சொல்லக் கேட்டு எழுதிக்கொண்டார். மொழியியலாளர் பரோவுடன் சேர்ந்து எமனோ 1961இல் வெளியிட்ட திராவிடச் சொற்பிறப்பியல் அகராதியில் தோடர், கோத்தர் மொழிச் சொற்கள் தமிழோடு ஒரே வரிசையில் நிற்கின்றன. படுக மொழிக்கு ஹாக்கிங்ஸும் பிலோ-ரேஷூரும் தொகுத்த ஆங்கில அகராதி 1992இல் வந்தது. இனி தொகுப்போருக்கு அந்த வாய்ப்புச் சுருங்கும். படுக மொழி உயிரொலிகளில் எமனோ செவிமடுத்துப் பதிந்த நாமடி (நாவை மடித்து ஒலிக்கும்) வேறுபாடுகள் பிற்காலத்தில் பலரிடம் மங்கிவிட்டன. ஒரு சொல்லை யார் வாயிலிருந்து பெற்றோம் என்பதை அகராதி குறித்தே ஆகவேண்டும். ஆகவே பேசுநர் நிலைக்கு ஒரு பெயரும் வேண்டும், அதைத் தவிர்க்க வழியில்லை.

நான் முன்மொழிவது 'சின்மொழியர்'. குறுந்தொகையின் 14ஆம் பாட்டில் தலைவன் தன் காதலியைச் 'சின்மொழி அரிவை' என்கிறான். சிலவே பேசுபவள் என்பது பொருள், அதில் ஏளனம் துளியும் இல்லை, விருப்பமே இருக்கிறது. இலக்கணமும் நேர்: சில் + மொழி (இங்கே 'சொல்' என்ற பொருளில்). 'மொழி' இன்று பாஷையை மட்டும் குறிப்பதால் சிறிய மொழியைப் பேசுபவர் என்று தவறாகப் படிக்கக்கூடும் என்ற தடை நியாயமானது. ஆனால் அப்பொருளுக்குச் 'சிறுபான்மை மொழி' ஏற்கெனவே நிலைத்துவிட்டது. கலைச்சொல்லுக்கு வரையறை உடன் செல்லும் என்பதால் இக்குழப்பம் நீடிக்காது என்று கருதுகிறேன். 'தயங்கு பேசுநர்' என்ற இன்னொரு பரிந்துரை எளிதாகப் புரிகிறது என்றாலும், தயக்கம் மனநிலை. இங்கே குறிக்க வேண்டியது மொழித்திறன்.

கேட்டால் முழுவதும் புரியும், பேச்சு மட்டும் ஏறத்தாழ எழாது என்னும் நிலையினரை டோரியன் தனியே பிரித்தார். அவர்களுக்குச் 'செவிமொழியர்' எனலாம். முழுப்பேசுநர், சின்மொழியர், செவிமொழியர் என்ற மூன்றும் படிவத்தில் ஒரே வரியில் நிற்கும்போது ஒருவரையும் தாழ்த்தாது.

பட்டியலில் சேர்ப்பதற்கு முன், நம்மிடையே உள்ள படுக, கோத்த நண்பர்கள் இச்சொற்களைத் தங்கள் வீட்டு இளையோரிடம் சொல்லிப்பார்த்து, காதுக்கு எப்படி இருக்கிறது என்று எழுதுமாறு கேட்டுக்கொள்கிறேன். அவர்கள் வேண்டாம் என்றால் நான் இதை வலியுறுத்தமாட்டேன்.