பொருள்: அணுப் பாதுகாப்புப் படிப்புக்கான உதவி – கணக்கு கேட்டவர்களுக்குப் பதில்

அன்புள்ள உறவுகளுக்கு,

சின்ன அத்தையின் பேத்தி மேல்படிப்புக்குச் சங்கத்திடம் உதவி கேட்டதிலிருந்து வரும் மடல்களை எல்லாம் படித்தேன். "அணுகுண்டுப் படிப்புக்கு நம் பணமா? குடும்பத்துக்கே இழுக்கு" என்று பெரியப்பா கொதித்திருக்கிறார். இதனால் யாருக்கு என்ன பயன் என்று பொருளாளர் அண்ணன் கேட்டிருக்கிறார்.

அண்ணா, அவள் படிக்கப்போவதே அணுப்பொருளுக்கான வரவு செலவுக் கணக்குதான். அணு உலையில் எரிந்த எரிபொருளிலிருந்து, அணுகுண்டு செய்ய உதவும் புளுட்டோனியம் என்ற உலோகத்தைப் பிரித்தெடுக்கலாம். 8 கிலோ காணாமல் போனாலே ஒரு குண்டுக்கு வாய்ப்பு உண்டு என்று கொண்டுதான் வியன்னாவிலுள்ள சர்வதேச அணுசக்தி முகமை தன் சோதனைகளை வகுக்கிறது. வரவு, செலவு, கையிருப்பு எல்லாவற்றுக்கும் ஏடு உண்டு. ஆனால் ஏட்டை மட்டும் நம்புவதில்லை. ஆய்வாளர் முத்திரை வைப்பார், கேமரா பொருத்துவார், பஞ்சுத் துணியால் சுவரையும் கருவிகளையும் துடைத்து எடுத்துச் செல்வார். அங்கே என்ன நடந்தது என்று காட்ட, அதில் ஒட்டிய, கண்ணுக்குத் தெரியாத துகள் போதும்.

வட கொரியா 1990இல் ஒரே ஒரு முறை, அதுவும் 100 கிராமுக்குக் குறைவாகப் பிரித்ததாக 1992இல் கணக்குக் காட்டியது. புளுட்டோனியத்தில் ஒரு வகை நாளடைவில் அமெரிசியம் என்ற வேறு தனிமமாக மாறும். எவ்வளவு மாறியிருக்கிறது என்று அளந்தால் எப்போது பிரித்தார்கள் என்பது தெரிந்துவிடும். முகமையினர் அளந்தார்கள், ஒரு முறை அல்ல, பலமுறை பிரித்தது வெளிப்பட்டது. மறைத்த இடங்களையும் திறந்து காட்டச் சொன்னதும், 1993 மார்ச்சில் அணுஆயுதப் பரவல் தடை ஒப்பந்தத்திலிருந்தே விலகுவதாக அந்நாடு அறிவித்தது. பொய்க் கணக்கைப் பிடிப்பது எவ்வளவு பெரிய வேலை என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

பெரியப்பா, குண்டு செய்யும் இடத்திலிருந்தே வந்து குண்டு பரவாமல் காத்தவர்களும் உண்டு. சீக்ஃபிரீட் ஹெக்கர் உலோகவியலாளர். 1986 முதல் 1997 வரை அமெரிக்காவில் அணுகுண்டுகளை வடிவமைக்கும் லாஸ் அலமோஸ் ஆய்வகத்தின் இயக்குநர். சோவியத் ஒன்றியம் சிதறியதும், 1992இல் ரஷ்யாவின் ரகசிய அணு நகரமான சாரோவுக்கே போனார். நேற்றுவரை எதிர் அணியில் இருந்த விஞ்ஞானிகளோடு சேர்ந்து அணுப்பொருள் களவு போகாமல் காக்க வழி தேடினார். 2004 ஜனவரியில் வட கொரியாவின் யோங்பியோன் அணு மையத்தில் ஒரு கண்ணாடிக் குப்பியை அவர் கையில் கொடுத்தார்கள். உள்ளே சுமார் 200 கிராம் உலோகம். கையுறையைத் தாண்டி அதன் கனமும் இளஞ்சூடும் தெரிந்தன. திரும்பி வந்து, அவர்களால் புளுட்டோனியம் செய்ய முடியும் என்றார். குண்டு இருக்கிறதா என்பதைத் தான் பார்க்கவில்லை என்றும் சொன்னார். அந்த நேர்மைதான் எனக்குப் பெரிது.

கஜகஸ்தானில் இன்னொன்று. சோவியத் அணுகுண்டுச் சோதனைகள் நடந்த செமிபலாட்டின்ஸ்க் திடலில், பிழைப்புக்கு வழியில்லாதவர்கள் செம்புக் கம்பிக்காக மண்ணைத் தோண்டிக்கொண்டிருந்தார்கள். அதே நிலத்தடியில், டெகெலன் மலைச் சுரங்கங்களில், புளுட்டோனியம் காவலின்றிக் கிடந்தது. 1998இல் ஹெக்கர் இதை நேரில் பார்த்து அமெரிக்கா, ரஷ்யா, கஜகஸ்தான் ஆகிய மூன்று நாட்டு விஞ்ஞானிகளையும் பேசவைத்தார். சுரங்கங்களை அடைத்து மூடும் வேலை 2012இல்தான் முடிந்தது. விழா இல்லை, விளம்பரம் இல்லை. நம் பிள்ளை இப்படி ஒரு வேலைக்குப் போவது குடும்பத்துக்கு இழுக்கு என்று எப்படி எழுத மனம் வந்தது?

நுழைவு வளைவு கட்ட வசூலித்தபோது யாரும் பயன் கேட்கவில்லை. கல்லில் யார் பெயர் முதலில் என்றுதான் சண்டை போட்டோம். இந்தப் பெண்ணின் தாத்தா, சின்ன மாமா, சங்கத்தைப் பதிவு செய்ய அலுவலகப் படியேறி அலைந்தவர். பஸ் டிக்கெட்டைக்கூட நோட்டில் ஒட்டிவைத்துத்தான் கணக்குக் கொடுத்தார்.

என் பங்கை இந்த வாரமே அனுப்புகிறேன். கட்டண ரசீதைப் பருவந்தோறும் அவளே அண்ணனுக்கு அனுப்பிவிடுவாள், பேசிவிட்டேன். மறுப்பவர்கள் காரணத்தை இங்கேயே எழுதுங்கள். அத்தைக்குப் போன் செய்து அழவைக்காதீர்கள்.